எண்ணூறு வெள்ளி உறுமி

மைலோ டின்னோடு வந்தான். பெரிய டின், மூடி சரியாகப் பொருந்தாதது. உள்ளே ஸ்பீக்கர் வாடகை ரசீது, பெட்ரோல் ரசீது, மை மங்கிப்போன வங்கிச் சீட்டுகள், பின்பக்கத்தில் பாட்டு வரிசை கிறுக்கிய இரண்டு கல்யாணப் பத்திரிகைகள். "அண்ணே, வருமான வரிக்காரன் கடிதம் போட்டுட்டான் லா. நீங்கதான் பார்த்துச் செஞ்சு கொடுக்கணும்." 2019 மே மாதம் அது.

நான் கணக்கு எழுதுகிறவன். கோலாலம்பூர் ஜாலான் ஈப்போவில் ஒரு மாடி அறை. வருகிறவர்கள் பெரும்பாலும் பூக்கடைக்காரர்கள், முடிதிருத்தகம் வைத்திருப்பவர்கள், சொந்தமாக லோரி ஓட்டுகிறவர்கள். டிஜே ஒருவனின் கணக்கை அதுவரை தொட்டதில்லை. பாட்டுப் போடுகிறவனுக்கு என்ன பெரிய கணக்கு என்று நினைத்துத்தான் டின்னைத் திறந்தேன். பிரித்து அடுக்கவே மூன்று வாரம் ஆனது. அதற்குள் ஒரு பாட்டு யாருக்குச் சொந்தம் என்ற தகராறில் நானும் போய் மாட்டிக்கொண்டேன். அவன் பெயரை இங்கே எழுதவில்லை, தம்பி என்றே சொல்கிறேன். எதிர்த்தரப்பு ஓர் இசைக் கம்பெனி. அதன் பெயரும் வேண்டாம்.

பெட்டி தூக்கிய காலம்

தம்பி செந்தூல்காரன். தாத்தா அங்குள்ள ரயில்வே பட்டறையில் வேலை பார்த்தவர். ஐந்தாம் படிவம் முடித்த கையோடு, 2004-இல், சவுண்ட் சிஸ்டம் வாடகைக்கு விடும் ஒருவரிடம் பெட்டி தூக்கச் சேர்ந்தான். நாளுக்கு நாற்பது வெள்ளி (ரிங்கிட்டை இங்கே அப்படித்தான் சொல்வோம்), இரவுச் சாப்பாடு. கல்யாண விருந்தில் பெண் சேலை மாற்றப் போய்விட்டுத் திரும்பி வரும் இருபது நிமிஷம் இருக்கிறதே, அதுதான் தனக்குப் பள்ளிக்கூடம் என்பான். சாப்பாடு முடிந்திருக்கும், கேக் இன்னும் வெட்டியிருக்க மாட்டார்கள், பெரியவர்கள் கார்ச் சாவியைத் தேட ஆரம்பித்திருப்பார்கள். அந்த நேரத்தில் கூட்டத்தை நாற்காலியில் பிடித்து வைக்கத் தெரிந்தவனை அடுத்த விருந்துக்கும் கூப்பிடுவார்கள்.

அதே 2004-இல்தான் ஜாலான் அம்பாங்கில் ஸௌக் கிளப் திறந்தது. வெளிநாட்டு டிஜேக்கள் வரிசையாக வந்தார்கள். 2006-இல் யோகி பி, நட்சத்ரா குழுவினரின் ஆல்பம் வந்தது. கோலாலம்பூர்த் தமிழில் ராப் பாடி அதைத் தமிழ்நாட்டிலும் கேட்க வைக்கலாம் என்று இங்குள்ள பையன்களுக்கு அப்போதுதான் நம்பிக்கை வந்தது. இந்த இரண்டுக்கும் நடுவில் தம்பி நின்றான். ஒரு காதில் ஹவுஸ் என்ற கிளப் நடன இசை, மறு காதில் குத்து.

இரண்டையும் ஒட்டுவது பேச்சில் சுலபம். அவன் ஒருமுறை என் அறையிலேயே லேப்டாப்பைத் திறந்து காட்டினான். ஹவுஸ் இசையில் ஒரு தட்டை நான்காகப் பிரிப்பார்கள். நம் டப்பாங்குத்தில் ஒரு தட்டு மூன்றாக உடையும். இரண்டையும் நிமிஷத்துக்கு 126 தட்டு என்று வைத்தால் பெரிய தட்டுகள் ஒன்றாக விழும், ஆனால் அவற்றுக்கு இடையில் மூணுக்கும் நாலுக்கும் சண்டை. ஹவுஸின் ஹை-ஹாட்டும் (டிரம்ஸில் ‘ட்ஸ் ட்ஸ்’ என்று ஒலிக்கும் ஜால்ரா) குத்தின் தப்பு மேளமும் ஒன்றன் காலை ஒன்று மிதிக்கும். அதனால் குத்துப் பாட்டின் மேல் ஒலிகளை மிக்சரில் முழுக்க இறக்கிவிட்டு, அடித்தட்டை மட்டும் எட்டுத் தட்டு லூப்பாகச் சுற்ற விடுவான். அதற்கு மேல் ஹவுஸின் ஹை-ஹாட்டை மெல்ல ஏற்றுவான். பதினாறாவது தட்டில் குத்தின் பாஸை, அதாவது அடியொலியை, கீழே, ஹவுஸின் பாஸை மேலே. இரண்டு பாஸும் ஒரு நொடிகூடச் சேர்ந்து ஒலிக்கக் கூடாது. "ஆடுறவங்களுக்கு எங்க மாறுச்சுன்னே தெரியாதுண்ணே, கால் தானா மாறிக்கும்." சின்ன வேலைதான். ஆனால் அதைச் செய்யத் தெரிந்தவனுக்கு விருந்து ஒன்றுக்கு 400 வெள்ளி, தெரியாதவனுக்கு 150. டின்னில் இருந்த சீட்டுகளும் அதையே சொன்னன.

2011-இலிருந்து 2016 வரை கிளப்புகளின் தமிழ் இரவுகள், இருபத்தொன்றாம் பிறந்தநாள்கள், கம்பெனி விருந்துகள். அந்த ஆறு வருஷத்தை அவன் விரிவாகச் சொல்வான், நான் சொல்லப்போவதில்லை. நள்ளிரவுக்கு மேல் நடந்தவை எல்லாம் ஒரே மாதிரிதான். இடையில் 2014 மார்ச்சில், புக்கிட் ஜாலிலில் நடந்த பெரிய மின்னிசை விழாவில் ஆறு பேர் இறந்தார்கள், மூன்றாம் நாள் நிகழ்ச்சி ரத்தானது. பெரிய மேடையில் ஏறும் கனவைத் தம்பி அதோடு மூட்டை கட்டிவிட்டான். மேடை இல்லையென்றால் ஸ்டூடியோ என்று சொந்தமாக இசை செய்ய உட்கார்ந்தான். எனக்கென்னவோ, மேடை கிடைத்திருந்தாலும் அங்கேதான் வந்து சேர்ந்திருப்பான். இரவெல்லாம் அடுத்தவர் பாட்டை ஒட்டிக்கொண்டே இருப்பவனுக்கு ஒருநாள் தன் பாட்டை ஒட்டிப் பார்க்கத் தோன்றாமலா போகும்?

உறுமி

உறுமிக்கு இரண்டு முகம். ஒன்றில் குச்சியால் அடிப்பார்கள். மற்றதில் வளைந்த குச்சியை வைத்துத் தேய்ப்பார்கள். அந்தத் தேய்ப்பில்தான் வயிற்றைப் பிசையும் அந்த உறுமல் வரும். செந்தூலிலோ பத்துமலையிலோ தைப்பூசக் காலத்தில் நடந்தவருக்கு விளக்க வேண்டியதில்லை. 2017 செப்டம்பரில் ஒரு ஞாயிற்றுக்கிழமை, பிளாட்டுக்குக் கீழே கார் நிறுத்துமிடத்தில் பயிற்சி செய்துகொண்டிருந்த உறுமி மேளப் பையன்கள் ஐந்து பேரை ஒரு மைக் வைத்து இரண்டு மணி நேரம் பதிவு செய்தான். முடிந்ததும் மாமாக் கடையில் ஆளுக்கு இரண்டு ரொட்டி சானாய், ஒரு தே ஐஸ். ரசீது டின்னில் இருந்தது. 31 வெள்ளி 50 காசு.

உறுமலின் சுருதி ஓர் இடத்தில் நிற்காது, வழுக்கிக்கொண்டே போகும். அதன் கீழே பாஸ் வைத்தால் இரண்டும் ஒட்டாது. தம்பி ஒவ்வொரு உறுமலையும் தனித்தனியாக வெட்டினான். அது எங்கே தொடங்கினாலும் 49 ஹெர்ட்ஸில், அதாவது ‘ஜி’ ஸ்வரத்தில், வந்து இறங்கும்படி வளைத்தான். பாஸும் அதே ஸ்வரம். கிளப்பின் பதினெட்டு அங்குல ஸ்பீக்கரில் தரையே நடுங்கியது. கல்யாண மண்டபத்தில் போட்டுப் பார்த்தால் ஒன்றுமே கேட்கவில்லை. மண்டபங்களுக்கு வாடகைக்கு வரும் சின்ன ஸ்பீக்கர்களுக்கு அவ்வளவு கீழே போக முடியாது. பெட்டி தூக்கியவன் அல்லவா, காரணம் அவனுக்கு உடனே தெரிந்தது. அதே பாஸை ஒரு ஸ்தாயி மேலே, 98 ஹெர்ட்ஸில், இன்னோர் அடுக்காகச் சேர்த்தான். இப்போது மண்டபத்திலும் அடித்தது.

இங்கே ஒரு பழைய கதை ஞாபகம் வருகிறது. 1982-இல் பம்பாயில் சரண்ஜித் சிங் என்ற திரையிசைக் கலைஞர், ரோலண்டின் டிஆர்-808, டிபி-303 ஆகிய இரண்டு மின்னணு இசைப் பெட்டிகளையும் ஒரு சிந்தசைசரையும் வைத்துப் பத்து ராகங்களை டிஸ்கோ தாளத்தில் பதிவு செய்தார். அப்போது யாரும் கண்டுகொள்ளவில்லை. அதே 303-ஐ வைத்துச் சிகாகோக்காரர்கள் ‘ஆசிட் ஹவுஸ்’ என்று உலகத்தை ஆட்டியது அதற்குப் பல வருஷம் கழித்து. சிங்கின் இசைத்தட்டு 2010-இல் மறுபடி வெளியானபோதுதான், ‘அட, இவர் முன்னாலேயே செய்துவிட்டாரே’ என்று எல்லாரும் ஓடிவந்தார்கள். அப்போது அவருக்கு எழுபது வயதாகப் போகிறது. இதைத் தம்பியிடம் சொன்னேன். "எழுபதுலயாச்சும் பேர் போட்டாங்களேண்ணே" என்றான்.

எண்ணூறு வெள்ளி

2018 ஜனவரி, பொங்கல் முடிந்த வாரம். இசைக் கம்பெனிக்காரர் வாட்ஸ்அப்பில் குரல் அனுப்பியிருந்தார்: "தம்பி, நம்ம பாடகருக்கு உறுமி வச்சு ஒரு பீட் பண்ணிக் கொடுங்க. எண்ணூறு வெள்ளி போட்டு விடுறேன்." தம்பி கையிலிருந்த உறுமி பீட்டை, அதாவது குரல் சேராத இசையை, எடுத்துப் பாடகரின் குரலுக்கு ஏற்ப நீட்டிக் குறைத்து, ஒவ்வொரு கருவியையும் தனித்தனி ஃபைலாகப் பிரித்து அனுப்பினான். பணமும் வந்தது. காகிதம் என்று எதுவும் இல்லை. பாட்டு வெளியானபோது இசை என்ற இடத்தில் பாடகர் பெயர் இருந்தது. தம்பி கொஞ்சம் முகம் சுளித்தான், அப்புறம் விட்டுவிட்டான். கல்யாணங்களில் பாட்டு பிய்த்துக்கொண்டு போனது. அவனே விருந்துக்கு விருந்து அதைப் போட்டு ஆட வைத்தான்.

அடுத்த வருஷம், குரலே இல்லாத தன் மூலப் பீட்டை ஒரு வீடியோவில் ஏற்றினான். மறுநாள் என் அறையில் உட்கார்ந்திருக்கும்போது போன் அதிர்ந்தது. எடுத்துப் பார்த்தவன் அப்படியே என்னிடம் நீட்டினான். இந்த ஒலிப்பதிவு இன்னொருவருக்குச் சொந்தம், விளம்பர வருமானம் அவருக்கே போகும் என்று அறிவிப்பு. பாட்டின் ஒலியை ரேகை எடுத்து வைத்திருக்கும் இயந்திரம், அவனுடைய உறுமியைக் கம்பெனியின் உறுமி என்று அடையாளம் கண்டிருக்கிறது. இயந்திரத்தின் மேல் தப்பில்லை. அதற்கு யார் முதலில் ரேகை கொடுத்தார்களோ அவர்களே முதலாளி.

எம்ஏசிபியிலும் விசாரித்தோம். இசையமைத்தவர், பாடல் எழுதியவர் ஆகியோருக்காக 1989 முதல் உரிமத்தொகை வசூலிக்கிற அமைப்பு அது. வானொலியில் பாட்டு ஒலித்தால் அவர்களுக்குச் சேரவேண்டியது அந்த வழியாக வரும். அங்கேயும் இசை முழுவதும் பாடகர் பெயரில் பதிவாகியிருந்தது.

தம்பியிடம் ஆதாரம் இருந்தது. "பீட் பண்ணிக் கொடுங்க" என்று அவர்களே கேட்ட குரல் பதிவு! அதைத் தூக்கிக்கொண்டு எனக்குத் தெரிந்த வழக்கறிஞர் ஒருவரிடம் போனோம். அந்த அம்மா இரண்டு முறை கேட்டார். பிறகு மெதுவாகச் சொன்னார்: "இதை யாருக்கும் போட்டுக் காட்டாதீங்க."

காரணம் மலேசியப் பதிப்புரிமைச் சட்டம், 1987, பிரிவு 26. ஒரு படைப்பு உருவாகி ஏதாவது ஒரு வடிவத்தில் பதிவானதுமே உரிமை படைத்தவனுக்குத் தானாக வந்துவிடும், எங்கும் பதிய வேண்டிய கட்டாயம் இல்லை. அதுவரை நமக்கும் தெரியும். ஆனால் அதே பிரிவு, இன்னொருவர் கேட்டுச் செய்வித்த படைப்பாக இருந்தால் உரிமை செய்யச் சொன்னவருக்கு மாறிவிட்டதாகவே கருதப்படும் என்கிறது. வேறு மாதிரி ஒப்பந்தம் இருந்தால் மட்டும் விலக்கு. ஆக, ஒன்றும் எழுதிக்கொள்ளாவிட்டால் நஷ்டம் செய்து கொடுத்தவனுக்கு. கல்யாணப் படம் எடுக்கச் சொன்ன குடும்பத்துக்கு இந்த விதி நியாயமாகவே இருக்கலாம். ஆனால் பீட் செய்து விற்கும் பையன்கள் கோலாலம்பூரில் எத்தனை பேர், அவர்களில் இதைத் தெரிந்தவர்கள் எத்தனை பேர்? போன் வாங்கினால் உத்தரவாத அட்டையைப் பத்திரப்படுத்துகிறோம், பாட்டை மட்டும் வாட்ஸ்அப்பில் ஒரு கட்டைவிரல் படத்தோடு கைமாற்றிவிடுகிறோம்.

ஒலிப்பதிவு வேறு கணக்கு. இசை ஒரு சொத்து, அதன் ஒலிப்பதிவு இன்னொரு சொத்து. ஒலிப்பதிவுக்கு வேண்டிய ஏற்பாடுகளைச் செய்தவரைத்தான் சட்டம் அதன் படைப்பாளராகப் பார்க்கிறது. பாட்டாக வெளியான பதிவுக்கு ஏற்பாடு செய்தது கம்பெனி, அதில் சண்டையில்லை. இசை யாருடையது என்பதுதான் கேள்வி.

அக்காவுக்கு அனுப்பியது

எனக்குத் தேதிகளோடுதான் பிழைப்பு. ஏழு வருஷத்துக்கு ரசீது வைத்திருக்க வேண்டும் என்பது வருமான வரி விதி. மைலோ டின்னில் தேதி இல்லாத காகிதம் ஒன்றுகூட இல்லை. ரொட்டி சானாய் ரசீது 2017 செப்டம்பர். கம்பெனிக்காரரின் குரல் 2018 ஜனவரி. நடுவில் நான்கு மாதம். அந்த நான்கு மாதத்தில் பீட் முடிந்துவிட்டதா என்று கேட்டேன்.

"முடிஞ்சிருச்சுண்ணே. தீபாவளிக்கே முடிஞ்சிருச்சு."

"யாருக்குத் தெரியும்?"

கொஞ்ச நேரம் யோசித்தான். "அக்காவுக்கு."

கிள்ளானில் இருக்கும் அக்காவுக்குப் போன் போட்டோம். அவர் எதையும் அழிக்காதவர். 2017 அக்டோபர் 17, தீபாவளிக்கு முந்தைய இரவு, 11.40-க்குத் தம்பி வாட்ஸ்அப்பில் முழு பீட்டையும் அனுப்பியிருந்தான். அதற்கு அக்காவின் பதில்: "தலவலிக்குது டா. முறுக்கு எடுத்து வச்சிருக்கேன், நாளைக்கு வா."

வழக்கறிஞர் அதைப் பார்த்ததும் நிமிர்ந்து உட்கார்ந்தார். கேட்பதற்கு முன்பே இசை இருந்திருந்தால், அது கேட்டுச் செய்வித்த படைப்பு ஆகாது. ஏற்கெனவே இருந்ததை விற்றது ஆகும். அப்படி உரிமையைக் கைமாற்ற எழுத்து வேண்டும், வாய்ச்சொல் போதாது. அதுவும் அதே சட்டத்தில்தான், அடுத்த பிரிவில் இருக்கிறது. கணினி ஃபைலில் காட்டும் தேதியை மட்டும் நம்பிப் போயிருந்தால், ஒரு முறை நகல் எடுத்தாலே மாறிவிடும் என்று அடித்திருப்பார்கள். இரண்டு போன்களில் ஒரே நேரத்தில் பதிவான செய்தியை அப்படி அடிப்பது கஷ்டம்.

இருந்தாலும் முழு வெற்றி என்று சொல்ல முடியாது. பாடகருக்காகப் பீட்டை நீட்டியதும் குறைத்ததும் கேட்ட பிறகு செய்தவை. நீதிமன்றம் போனால் அது எவ்வளவு தூரம் இழுக்கும், என்ன செலவாகும் என்று நான் ஒரு தாளில் போட்டுக் காட்டினேன். தம்பி அந்தத் தாளை மடித்துப் பையில் வைத்துக்கொண்டான்.

பேச்சுவார்த்தை நத்தை மாதிரி நகர்ந்தது. அதற்குள் 2020 மார்ச் 18 வந்தது, கோவிட் நடமாட்டக் கட்டுப்பாட்டு ஆணை. கல்யாணம் இல்லை, விருந்து இல்லை. கிளப்புகள் திறந்ததோ 2022 மே மாதம்தான். தம்பி தான் பாட்டு ஒட்டும் சிடிஜே இயந்திர ஜோடியை விற்றான், மோட்டாரில் சாப்பாடு கொண்டுபோய்க் கொடுத்தான். அந்த இரண்டு வருஷ வருமான வரிப் பாரத்தில் நிரப்பவே எதுவும் இருக்கவில்லை.

ஆனால் அந்தக் காலத்தில்தான் விஷயம் முடிவுக்கும் வந்தது. வீட்டில் அடைபட்ட மக்களுக்காகக் கம்பெனி அந்தப் பாட்டின் புது வடிவம் ஒன்றைச் செய்ய நினைத்தது. பிரித்து அனுப்பிய ஃபைல்களை அவர்கள் எங்கோ தொலைத்துவிட்டார்கள். மூலம் தம்பியின் ஹார்ட் டிஸ்கில் மட்டும்தான். 2021-இல் இரண்டு பக்க ஒப்பந்தம் கையெழுத்தானது. இசையில் சரிபாதி அவன் பெயரில், அன்று முதல். வீடியோவின் மேலிருந்த உரிமைக் கோரிக்கை நீங்கும். போன வருஷங்களுக்கு ஒன்றும் கிடையாது. போனதை விடாதே, பிடி என்று நான் சொன்னேன். "பேர் வந்தா போதும்ணே" என்றான். அந்த இடத்தில் அவன் அவசரப்பட்டுவிட்டான் என்றுதான் இப்போதும் நினைக்கிறேன். கைக்கு வந்த முதல் பணம் 312 வெள்ளி.

ஐந்து கையெழுத்து

ஒப்பந்தத்தை எழுதும்போது வழக்கறிஞர் பேனாவை நிறுத்திவிட்டுக் கேட்டார்: "உறுமி வாசிச்சது யாரு?"

தம்பி சொன்னான்.

"அவங்ககிட்ட எழுதி வாங்கினீங்களா?"

அறையில் காற்றாடிச் சத்தம் மட்டும் கேட்டது. நிகழ்த்துகிறவர்களுக்கும் தனி உரிமை உண்டு என்று 2000-ஆம் ஆண்டுத் திருத்தத்தில் இந்தச் சட்டமே சேர்த்திருக்கிறது. அவர்கள் சம்மதிக்காமல் வாசிப்பைப் பதிவு செய்யக் கூடாது. மைக்கைப் பார்த்துக்கொண்டே வாசித்தார்கள், அதனால் சம்மதம் இல்லை என்று சொல்லிவிட முடியாது. ஆனால் எதற்குச் சம்மதித்தார்கள்? ரொட்டி சானாய்க்கு.

நான் அந்த ரசீதை நினைத்துக்கொண்டேன். கம்பெனி கொடுத்தது எண்ணூறு. தம்பி கொடுத்தது முப்பத்தொன்று ஐம்பது. இதை வாய்விட்டுச் சொல்லவில்லை. அவனும் கணக்குப் போட்டிருப்பான், முகம் அப்படி இருந்தது.

கிளப்புகள் திறந்து, விருந்துகள் திரும்பி, பழைய சிடிஜே ஒரு ஜோடி மறுபடி கைக்கு வர 2023 ஆகிவிட்டது. இப்போது மாதம் மூன்று நான்கு இரவுகள்தான் வாசிக்கிறான். மீதி நாள் பிறருக்கு இசை செய்கிறான். யாராவது பீட் கேட்டால் முதலில் ஒரு பக்கத் தாள் போகும். என்ன கொடுக்கிறேன், எதை வைத்துக்கொள்கிறேன், இசையில் யாருக்கு எவ்வளவு பங்கு என்று அதில் இருக்கும். அந்தத் தாளின் முதல் வடிவை என் கணினியில்தான் அடித்தோம். தாளைப் பார்த்துவிட்டு இரண்டு பேர் ஓடிவிட்டார்கள். ஓடட்டும்.

அதே தாளை மாற்றி உறுமிக்காரர்களுக்கும் ஒன்று செய்தான். ஆளுக்கு 200 வெள்ளி, பாட்டு விவரத்தில் ஐந்து பேரின் பெயர், இசையில் அவனுக்கு வரும் பாதியிலிருந்து ஒரு பங்கு. குழுத் தலைவர் இப்போது லோரி ஓட்டுகிறார். ஒரு சாயங்காலம் லோரியை ஓரங்கட்டிவிட்டு, ஸ்டியரிங் மேலேயே தாளை விரித்து முழுக்கப் படித்தார். பிறகு நிமிர்ந்து கேட்டார்: "அப்ப அந்தக் கல்யாணப் பாட்டுல உறுமுறது நாங்களா தம்பி?" அவர்களுக்கு அதுவரை தெரியவே தெரியாது. அவருடைய தங்கை கல்யாணத்தில் அந்தப் பாட்டுக்கு அவரே ஆடியிருக்கிறார்.

நான்கு கையெழுத்து வந்துவிட்டது. ஐந்தாவது ஆள் சிங்கப்பூரில் வேலை செய்கிறான். போனில் படம் எடுத்து அனுப்பு என்றால், தாளை நேரில் பார்க்காமல் போட மாட்டேன் என்கிறான். தைப்பூசத்துக்கு வருவானாம். அந்தக் கோடு மட்டும் காலியாக இருக்கிறது. நான் பென்சிலால் ஒரு புள்ளி வைத்து, டின்னில் போடாமல் கோப்பில் வைத்திருக்கிறேன்.